அப்பாவால் போட முடியாத கோடு

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் சௌக்கியம், நீயும் மாப்பிள்ளையும் அங்கே அப்படியே இருந்தால் எனக்கு வேறென்ன வேண்டும். போன தடவை போனில் நடுநடுவே இருமினாய், அம்மா கவனிக்கவில்லை என்று நினைக்காதே, வெந்நீர் குடி, ஈரத்தலையோடு வெளியே போகாதே. உன் தம்பிக்கு வேலை நிரந்தரமாகிவிட்டது, அன்றிலிருந்து அவனுக்குக் கால் தரையில் பாவவில்லை.

இப்போது உன் அப்பா கதைக்கு வருகிறேன். குழாய் ரிப்பேர்காரரை வரைந்தார், எதிர்வீட்டு நொண்டிப் பூனையைக்கூட வரைந்தார், கட்டிய பெண்டாட்டியை மட்டும் வரையவே இல்லை. கேட்டால், உன் மூஞ்சி ஒரு எடத்துல நின்னாத்தானே வரைய என்பார். இந்தத் தடவை கண்காட்சிக்குப் படம் அச்சடிக்கப் புதிதாக ஒரு மரக்கட்டை செதுக்குகிறேன் என்று பின்னறைக் கதவைச் சாத்திக்கொண்டு கிடந்தார். மை பூசி முதல் தாளைக் கட்டையிலிருந்து உரித்துக் காட்டினார் பார், எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. நான்தான்! மத்தியானம் நாற்காலியில் சாய்ந்து, கண்ணாடி மூக்குநுனிக்கு வழிந்து, வாயைப் பிளந்துகொண்டு தூங்குகிறேன். ஊர் பார்க்க மாட்டப்போகிற படத்தில் வாயையாவது மூடக்கூடாதா என்று பிலுபிலுவென்று பிடித்துக்கொண்டேன். அப்பத்தானே நீ பேசாம இருந்த என்கிறார், சிரிக்காமல். கீழே வழக்கம்போல் ஒரு கவிதை, கட்டையில் எழுத்தை இடவலம் மாற்றிச் செதுக்கியிருந்தது தாளில் நேராக வந்திருந்தது:

பேசி முடித்தவள் உறங்குகிறாள்.
வீடு இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறது.

அதைப் படித்ததும் என் கோபம் போன இடம் தெரியவில்லை, அவரிடம்தான் காட்டிக்கொள்ளவில்லை.

அவர் வழக்கம் உனக்குத் தெரியும். சொன்ன அளவுக்குப் பிரதி எடுத்ததும் கட்டையின் குறுக்கே உளியால் ஆழமாக ஒரு கோடு போட்டுவிடுவார், அதற்குமேல் யாரும் அதில் நல்ல படம் எடுக்க முடியாது, வாங்குகிறவர்களுக்கு அவர் கொடுக்கிற வாக்கு அது. எத்தனையோ கட்டைகளைக் காய் நறுக்குவதுபோலக் கீறிப் போட்டவர், இந்தத் தடவை உளியை எடுக்கிறார், வைக்கிறார், கண்ணாடியைத் துடைக்கிறார், உளி மழுங்கிப்போச்சு என்கிறார். கோடு விழுந்த கட்டையைப் பார்த்த பிறகுதான் படங்களை மாட்டுவேன் என்று சொல்லியிருந்த கண்காட்சிக்கார அம்மாள் மறுநாள் வருகிறாள். போடாவிட்டால் வாழ்நாளெல்லாம் காப்பாற்றிய வாக்கு போச்சு. உன் மூஞ்சியில நான் எப்படிக் கீறுவேன், மனசு வரலையே என்றபோது அவர் குரல் கம்மிவிட்டது. எனக்கும் மனசு வரவில்லைதான், உன்னிடம் சொல்வதற்கென்ன. ஆனால் இரண்டு பேரும் உட்கார்ந்து அழுதால் வேலை நடக்குமா, கொண்டாங்க இப்படி என்று உளியை நானே வாங்கிக்கொண்டேன். திறந்த வாய்க்கு நேரே வைத்தேன் பார், வாயில வேணாம், வாயில வேணாம் என்று பதறிவிட்டார், என் வாயை இத்தனை வருஷம் கரித்துக்கொட்டிய மனிதர்! சரியென்று நெற்றியிலிருந்து தோள்வரை ஒரே இழுப்பாக இழுத்துவிட்டேன். கோடு கோணல்மாணலாகத்தான் போனது. அவர் அதே கட்டைக்கு மை தடவி ஒரே ஒரு தாள் எடுத்தார், கறுப்பு முகத்தில் என் கோடு வெள்ளை வெளேரென்று நிற்கிறது. மறுநாள் அந்த அம்மாள் வந்து கட்டையைப் பார்த்தாள், திருப்தியாகப் படங்களை எடுத்துக்கொண்டாள், இந்தக் கோடு விழுந்த தாளையும் கேட்டாள். அது எம்பொண்ணுக்கு என்று சொல்லிவிட்டார் அப்பா.

அதைத்தான் அட்டைக் குழாயில் சுருட்டி இதோடு அனுப்பியிருக்கிறேன். கை ஈரமில்லாமல் பிரி, வெயில் படுகிற சுவரில் மாட்டாதே, இருமலுக்கு டாக்டரைப் பார். படத்தின் அடியில் அப்பா பென்சிலால் கையெழுத்துப் போட்டுவிட்டு, பென்சிலை என்னிடம் நீட்டினார். கோடு உன்னுது, நீயும் போடு என்றார். அவர் படத்தில் இன்னொருவர் பெயர் விழுந்தது இதுவே முதல் தடவை. என் எழுத்து கொஞ்சம் கோணிவிட்டது, மாப்பிள்ளையிடம் காட்டிச் சிரிக்காதே.

நீங்கள் இருவரும் நோய்நொடி இல்லாமல் நிறைவாக இருக்க எங்கள் ஆசி.

உன் அப்பாவின் பக்கத்தில் கையெழுத்துப் போட்ட
அம்மா