கட்டிலுக்கு அடியில் ஸ்டூல்

மார்ச் 6, வியாழன்

வார்டில் ஆறு கட்டில், ஒரே டிவி. மற்ற நாளெல்லாம் ரிமோட்டுக்கு அடிதடி. வியாழக்கிழமை ஆஸ்பத்திரி நாடகம் வந்தால் கப்சிப். என் மகளுக்குப் பால்பல் விழுந்த காலத்திலிருந்து ஓடுகிறது. சலைன் ஏறுகிற ஆட்கள், சலைன் ஏறுகிற ஆட்களை வாய்பிளந்து பார்க்கிறார்கள் – இந்தக் கூத்தை எங்கே போய்ச் சொல்ல.

அதில் பெரிய டாக்டர் நின்றபடி பேசினால் நோயாளி பிழைப்பான். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தால் முடிந்தது. எங்கள் மோக்போ ஊரில் பச்சைப்பிள்ளைக்கும் தெரியும். இன்று உட்கார்ந்தார். பக்கத்துக் கட்டில்காரர் மனைவி ஓக்-பூன் அக்கா அழுதாள். "அக்கா, அண்ணன் கஞ்சியில மூக்கைச் சிந்திராதீங்க, உப்பு ஆகாதுன்னு சொல்லிருக்காங்க" என்றேன். என் வீட்டுக்காரர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். சிரித்தால் வலிக்கிறது அவருக்கு.

மார்ச் 7

இவர் கணையத்துக் கட்டிக்கு மருந்து கேட்டிருக்கிறதா என்று ஸ்கேன் எடுத்தார்கள். திங்கட்கிழமை தெரியுமாம்.

இவரைப் பார்க்கிற டாக்டர் ஹோங் வயதில் சின்னவர். "அந்த நாடகம் பாத்துத்தான் நான் டாக்டருக்கே படிச்சேன்" என்றார். அப்போ இவரும் உட்காருவாரோ?

மார்ச் 10

காலையிலேயே ஸ்டூலைக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டேன். இவர் பார்த்துவிட்டார்.

"எதுக்குடி?"

"பெருக்க."

"நீ? வீட்டுலயே பாத்ததில்லையே."

டாக்டர் வந்து ஸ்டூலை அங்கே இங்கே தேடினார். "சாப்பிட்டாரா?" என்று நின்றபடியே கேட்டுவிட்டுப் போனார். இவர் என்னைப் பார்த்துக் கண்ணடித்தார்.

பிறகு என்னை மட்டும் வெளியே கூப்பிட்டார்கள். வீட்டாளிடம்தானே முதலில் சொல்வார்கள். நடையில் ஒரு பெஞ்சு, தரையோடு முடுக்கியது. டாக்டர் அதில் உட்கார்ந்தார்.

அதை எங்கே தள்ள?

ஈரலுக்கும் போயிருச்சாம். இனிமே மருந்து வேண்டாமாம். அவர்கிட்ட நீங்க சொல்றீங்களா, நான் சொல்லட்டுமான்னு கேட்டார். நானே சொல்றேன்னுட்டேன். எந்த வாயால?

மார்ச் 11

சொல்லவில்லை.

மார்ச் 12

இன்றும் இல்லை. மீன் விலை பேசினேன்.

மார்ச் 13, வியாழன்

நாடகம் ஆரம்பித்துவிட்டது. ஸ்டூலை வெளியே இழுத்தேன். கீச்சென்றது. வார்டே திரும்பிப் பார்த்தது. ஓக்-பூன் அக்கா டிவி சத்தத்தைக் குறைத்தாள். உட்கார்ந்தேன்.

இவர் ஸ்டூலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"பெரிய டாக்டரம்மா வந்துட்டாங்களா?"

தலையாட்டினேன்.

கொஞ்ச நேரம் போர்வை நுனியை மடித்து மடித்து விட்டார்.

"சரி. தள்ளி உட்காரு. டிவி மறைக்குது."

தள்ளி உட்கார்ந்தேன். அக்கா சத்தத்தைக் கூட்டினாள்.