நிறைந்திருந்த பிளாஸ்க்

அக்கா,

இன்று காலை நோர்வூட்டுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்ட லயத்தில், வரிசை வீடுகளில் ஒன்றில், இடுப்பெலும்பு முறிந்து ஆப்பரேஷன் செய்து வீடு திரும்பிய பெரியவர் ஒருவரைப் பார்க்கப் போனேன். உட்காரச் சொன்ன கையோடு மூலையிலிருந்த பிளாஸ்க்கைக் காட்டினார். "ஊத்திக் குடிங்க மிஸ். நான் இப்பதான் குடிச்சேன்" என்றார். தூக்கினேன், கனத்தது. அப்போது மணி பதினொன்றரை. மூடியைத் திருகியதும் இஞ்சி தட்டிப் போட்ட தேயிலைச் சாயத் தண்ணியின் வாசம் வந்தது. இரண்டு கையாலும் பிளாஸ்க்கை அணைத்துக்கொண்டு நான் நின்றதைப் பார்த்து, "குளிருதா மிஸ்?" என்று அவர் கேட்டார்.

குளிர்தான் என்று சொல்லி வைத்தேன்.

நான் பிசியோதெரபி படிப்பை முடித்துவிட்டு நம் ஆஸ்பத்திரிக்கு வந்த முதல் வாரம் நினைவிருக்கிறதா? எனக்கு எலும்பும் தசையும் தெரியும், ஆனால் எழுபது வயது மனுஷியைக் கட்டிலிலிருந்து எழுப்பத் தெரியாது. அவர்கள் பயந்தால் நானும் பயந்தேன். நீங்கள் வோர்ட்டில் சிற்றூழியர். கழுவுவதும் துடைப்பதும்தான் உங்கள் வேலை, நடக்க வைப்பது என் வேலை. ஆனாலும் துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு வந்து அவர்களுக்குப் பின்னால் நின்றுகொள்வீர்கள். "முன்னாடி மிஸ் நிக்கிறாங்க, பின்னாடி நான் நிக்கிறேன். நடுவுல நீங்க பெரிய தொரை மாதிரி நடந்து போங்க" என்பீர்கள். அழுதுகொண்டிருந்தவர்கள்கூடச் சிரித்துக்கொண்டே ஒரு காலை எடுத்து வைப்பார்கள்.

நோயாளியின் இடுப்பில் கட்டிப் பிடித்துக்கொள்ளும் பெல்ட் அறுந்துபோய், புதிதுக்கு எழுதிப் போட்டு நான் காத்துக்கொண்டிருந்தபோது, கொழுந்துக் கூடையைத் தலையில் மாட்டுகிற பழைய பட்டைக் கயிற்றைக் கொண்டுவந்து இரண்டாக மடித்துத் தைத்துக் கொடுத்தீர்கள். "இத்தன வருசம் கொழுந்தத் தாங்கிச்சு, மனுசனத் தாங்காதா?" என்றீர்கள். அது இன்னும் என் பையில்தான் இருக்கிறது.

இன்னொன்றையும் நீங்கள்தான் கண்டுபிடிப்பீர்கள். காலையில் கொடுத்த தண்ணீர் அப்படியே கட்டிலடியில் இருப்பதைப் பார்த்துவிட்டு, "நாக்க நீட்டுங்க பாப்போம்" என்று மிரட்டுவீர்கள். பிறகு என் காதருகே வந்து, "ஒண்ணுக்குப் போகணுமேன்னு குடிக்காம கெடக்குறாங்க மிஸ். கூப்புட வெக்கம்" என்பீர்கள். எத்தனை பேரின் கள்ளத்தனத்தை அப்படிப் பிடித்திருப்பீர்கள்!

ஓய்வு பெற்ற அடுத்த மழைக்காலத்தில் நீங்களே விழுந்து இடுப்பை முறித்துக்கொண்டீர்கள். கண்டியில் ஆப்பரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்தபோது, "வேற யாரும் வேணாம், மிஸ்ஸே வரட்டும்" என்று மகனிடம் சொல்லி அனுப்பினீர்கள். எனக்கு எவ்வளவு பெருமையாக இருந்தது தெரியுமா? சனிக்கிழமைதோறும் மத்தியானம் இரண்டு மணிக்கு உங்கள் லயத்துக்கு வந்தேன். மகன் கொழும்பில் கடையில் வேலை, மருமகள் மலையில் கொழுந்து எடுக்கப் போயிருப்பாள். நாலரைக்குத்தான் திரும்புவாள். அறைக்குள் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்கு உங்களை நடக்க வைத்தேன். நன்றாக நடந்தீர்கள். ஆனால் கக்கூசு லயத்துக்குக் கீழே இருந்தது. மண்ணில் வெட்டிய பதினெட்டுப் படிகள், பாசி வேறு, பிடித்துக்கொள்ள ஒரு கம்பிகூட இல்லை. முதல் நாளே வாசலில் நின்று அதைப் பார்த்துவிட்டுச் சொன்னேன்: "அக்கா, தனியா மட்டும் எறங்கிடாதீங்க. மருமக வந்தப்புறம் போங்க." எவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டேன்.

கக்கூசு நாற்காலி ஒன்று ஏற்பாடு செய்கிறேன் என்றேன். உங்களுக்குக் கோபம் வந்தது. "அந்த நாக்காலிய இருவது வருசம் கழுவினவ நான். எனக்காக இன்னொருத்தி கழுவ வேணாம். என் காலால நடந்து போவேன், இல்லாட்டி போகவே மாட்டேன்." வீறாப்புப் பேச்சு என்று சிரித்தேன். படிக்குக் கம்பி போடச் சொல்லித் தோட்ட ஆபீசில் கேட்கிறேன் என்றேன். மழை விடட்டும் என்று மூன்று சனிக்கிழமைகள் சொன்னேன்.

பயிற்சி முடிந்ததும் பிளாஸ்க்கைக் காட்டுவீர்கள். "ஊத்திக்குங்க மிஸ். நான் இப்பதான் குடிச்சேன்." வந்தவர்களுக்கு முதலில் கொடுத்துவிட்டு வீட்டுக்காரர் அப்படிச் சொல்வது நம் பக்கத்து வழக்கம்தானே? நானும் என் வீட்டில் அப்படித்தான் சொல்வேன். அதனால் ஒன்றும் யோசிக்காமல் ஊற்றிக் குடித்தேன். காலை ஆறரைக்கு மருமகள் நிரப்பி வைத்துவிட்டுப் போன பிளாஸ்க் இரண்டு மணிக்கும் விளிம்புவரை நிறைந்திருந்தது. முழங்கால் எத்தனை பாகை மடங்குகிறது என்று அளந்து எழுதுகிற கண்ணுக்கு அது தெரியவில்லை. உங்கள் உதடு வெடித்திருந்ததைப் பார்த்தேன், பனிக்காற்று என்று நினைத்தேன். கொப்பியில் "ஒருமுறைகூட விழவில்லை" என்று எழுதி அடிக்கோடு போட்டேன்.

ஐந்தாவது சனிக்கிழமை நான் வந்தபோது சுவரைப் பார்த்துப் பேசிக்கொண்டிருந்தீர்கள். என்னைக் கண்டதும், "மிஸ், ஏழாம் கட்டில் ஆள எழுப்புங்க, நான் பின்னாடி நிக்கிறேன்" என்றீர்கள். உடம்பு அனலாகக் கொதித்தது. பக்கத்து வீட்டார் ஓடிப் போய் மலையிலிருந்து மருமகளைக் கூட்டி வந்தார்கள். அவள் கொழுந்து எடுக்கும்போது கட்டுகிற படங்குச் சாக்கைக்கூட இடுப்பிலிருந்து அவிழ்க்காமல் வாசலில் நின்று அழுதாள்.

"காலையில நான் போக முன்னுக்கு ஒரு வாய் குடிப்பாங்க மிஸ். அப்புறம் நான் வந்து கீழ கூட்டிட்டுப் போற வரைக்கும் பச்சத் தண்ணிகூடத் தொட மாட்டாங்க. தனியா எறங்கக் கூடாதுன்னு மிஸ் சொல்லியிருக்காங்க, மிஸ் பேச்சத் தட்டக் கூடாதுன்னு சொன்னாங்க. ஒங்ககிட்ட சொல்ல வேணாம்னு சத்தியம் வாங்கிட்டாங்க."

சிறுநீரில் பிடித்த கிருமி இரத்தத்துக்குப் போய்விட்டது, உடம்பில் தண்ணீரே இல்லை என்றார் டொக்டர். நாம் இருவரும் நின்ற அதே வோர்ட்டில் மூன்று நாள் கிடந்தீர்கள். நான் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். அதனால் உங்களுக்கு என்ன பிரயோசனம்?

நீங்கள் போன இந்த இரண்டு வருஷமும் உங்கள் மேல் கோபப்பட்டுப் பார்த்தேன். எல்லோருடைய நாக்கையும் நீட்டச் சொன்னவர், தன் நாக்கை மட்டும் ஏன் ஒளித்தார்? கோபம் நிற்கவில்லை, என் பக்கமே திரும்பி வந்துவிடுகிறது. நீங்கள் என் பேச்சைக் கேட்டீர்கள், அவ்வளவுதான். விழாதீர்கள் என்றேன், விழவில்லை.

இன்று காலை அந்தத் தேத்தண்ணியை நான் குடிக்கவில்லை. மூடியைத் திருப்பிப் போட்டுவிட்டு, "ஐயா, ஒங்க கக்கூசு எங்க இருக்கு?" என்று கேட்டேன். பெரியவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். போர்வை நுனியைச் சுருட்டிக்கொண்டே, "கீழ இருக்கு மிஸ்... படி வழுக்கும். மருமகளக் கூப்புட வெக்கம், மகன் வரட்டும்னு இருக்கேன்" என்றார். உங்கள் பெல்ட்டை எடுத்து அவர் இடுப்பில் கட்டினேன். வீட்டிலிருந்த அவர் மருமகளை முன்னால் இறங்கச் சொல்லிவிட்டு நான் பின்னால் நின்றேன். பன்னிரண்டு படிகள். ஒவ்வொன்றுக்கும் நின்று நின்று இறங்கினோம், அதே மாதிரி ஏறினோம். மேலே வந்ததும் இரண்டு கோப்பைகளில் ஊற்றினேன். அவர் தன்னுடையதை ஒரே மூச்சில் குடித்துவிட்டு, வெட்கத்தோடு கோப்பையை மறுபடி நீட்டினார்.

உங்கள் அறைக்குள் நான்கு சனிக்கிழமைகள் உங்கள் பின்னால் நின்றிருக்கிறேன் அக்கா. அந்தப் பதினெட்டுப் படிகளில் ஒருநாள்கூட நிற்கவில்லை.