என்னுடையது அல்லாத கட்டில்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. முட்டி வலியைத் தவிர எனக்கு ஒரு குறைவும் இல்லை. நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் அந்தக் குளிரில் சளி, காய்ச்சல் என்று படுக்காமல் இருக்க வேண்டும், அதுதான் என் கவலை. உன் கடிதம் வந்தது. கையெழுத்து வரவர மோசமாகிறது, கவனி. "அண்ணனுக்காகக் கொஞ்சம் விட்டுக்குடுத்திருக்கலாமேம்மா" என்று எழுதியிருக்கிறாய். அவன் போனில் சொன்னதை வைத்துக் கேட்கிறாய். நடந்ததைக் கேட்டுவிட்டுப் பிறகு பேசு.

டைல்ஸ் கடை நொடித்து அண்ணன் மேல் தீர்ப்பானதும் கோர்ட்டிலிருந்து அமீனா வந்தார். வீடு வாடகை வீடு என்பதால் உள்ளே இருந்த சாமான்களையெல்லாம் ஏலத்துக்கென்று ஜப்தி செய்தார், கதவைக்கூடத் தட்டாமல் என் அறைக்குள் வந்து நின்றார். கடனில் சம்பந்தப்படாத வேறு யாருடைய பொருளாவது அதில் இருந்தால் அவர் உரிமை கேட்டு மனுப் போடலாமாம். அன்று மாலையே அண்ணன் என் காலடியில் உட்கார்ந்து, "எல்லாமே உன்னோடதுன்னு ஒரு வார்த்தை சொல்லிடும்மா, போதும், உன்னப் போய் யாரு சந்தேகப்படுவாங்க" என்றான். என் நேர்மையை அவன் மதித்தது அந்த ஒரு நாள்தான், அதுவும் வாடகைக்கு எடுப்பதற்காக. வக்கீல் கொண்டுவந்த மனுவில் டிவி, பிரிட்ஜ், சோபா, உன் அண்ணியின் அலங்கார மேஜை வரைக்கும் எனக்குச் சொந்தம் என்று எழுதியிருந்தது. சிவப்புப் பேனாவை எடுத்து அவற்றையெல்லாம் அடித்தேன், இருந்த எழுத்துப் பிழைகளையும் திருத்தினேன். சாப்பாட்டு மேஜை, ஆறு நாற்காலி, அப்பாவின் புத்தக அலமாரி, என் மெத்தை, இவ்வளவுதான் மிஞ்சின. அண்ணி சுவரிடம் சொல்வதுபோல, "பெத்த பிள்ளையவிட மேஜை நாற்காலி பெருசாப் போச்சு" என்றாள்.

கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் என்னை மகனுக்காகப் பொய் சொல்ல வந்த கிழவி என்று நினைத்தார் போலிருக்கிறது. "பாட்டி, தினமும் கட்டில்ல படுக்கறது நீங்க, அப்ப அதுவும் உங்களோடதுதானே" என்று இளித்தார். உங்களுக்கு நான் பாட்டி முறை இல்லை, படுப்பது நான், வாங்கியது என் மகன் என்றேன். நீதிபதி வாயைக் கையால் மூடிக்கொண்டார். உண்மைதானே? அப்பா இடுப்பெலும்பு முறிந்து கிடந்தபோது கடை கடையாக ஏறி இறங்கி அண்ணன் பார்த்து வாங்கிய கட்டில் அது. அப்பா போன பிறகு நான் அதில் படுத்தேன், அவ்வளவுதான். சத்தியம் செய்த வாயால் வேறு எதைச் சொல்வது? பள்ளிக்கூடத்தில் கன்னியாஸ்திரிகள் எனக்கு அப்படிச் சொல்லிக்கொடுக்கவில்லை. நான் கேட்டதை நீதிபதி அப்படியே விடுவித்தார். அன்றோடு அண்ணன் என்னிடம் பேசுவதை நிறுத்தினான். அவனும் அண்ணியும் தட்டை எடுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து சாப்பிடுகிறார்கள். மேஜைக்கு வரச் சொன்னால், "வேணாம் அத்தை, கோர்ட்டே உங்களுதுன்னு சொன்ன நாற்காலி, நாங்க உக்காந்தா கேஸ் போட்டுருவீங்க" என்கிறாள் உன் அண்ணி. ஐந்து காலி நாற்காலிகளுக்குத் தலைமை தாங்கி நான் சாப்பிடுகிறேன்.

போன வாரம் ஏலம் முடிந்தது. அண்ணியின் தம்பி போய் டிவி, பிரிட்ஜ், சோபா, அலங்கார மேஜை என்று எல்லாவற்றையும் ஏலத்தில் எடுத்து, மறுநாளே வேனில் கொண்டுவந்து இறக்கினான். தரையில் கால் பதிந்திருந்த பழைய தடத்திலேயே சோபாவைப் பொருத்தி வைத்தான், அவ்வளவு அக்கறை. கட்டில் மட்டும் வரவில்லை. யாரோ ஒரு லாட்ஜ்காரர் எடுத்துக்கொண்டு போனாராம். நான் ஒன்றும் கேட்கவில்லை. அண்ணன்தான், டிவியிலிருந்து கண்ணை எடுக்காமல், "அது உன்னோடது இல்லையேம்மா, அதான் விட்டுட்டோம்" என்றான். கோர்ட்டுக்குப் போய் வந்த பிறகு அவன் என்னிடம் பேசிய முதல் பேச்சு.

இப்போது தரையில் மெத்தையை விரித்துப் படுக்கிறேன். மெத்தை என்னுடையது. எழுந்திருக்கும்போது அலமாரியைப் பிடித்துக்கொள்கிறேன், அதுவும் என்னுடையதுதான். நான் எதை விட்டுக்கொடுக்கவில்லை என்று இனி நீ சொல்.

குழந்தையைப் பல் துலக்காமல் தூங்க விடாதே. மாப்பிள்ளைக்கு என் ஆசிகள். மூவரும் நோய்நொடி இல்லாமல், ஒரே மேஜையில் உட்கார்ந்து முகம் பார்த்துப் பேசிச் சாப்பிட்டு நன்றாக இருங்கள். ஒன்று மறக்காதே, இதைப் படித்துவிட்டுக் கட்டில் வாங்கப் பணம் அனுப்பிவிடாதே. அது யாருடையது என்று இன்னொரு முறை கூண்டில் ஏறிச் சொல்ல எனக்குத் தெம்பில்லை.

இப்படிக்கு,
உன் அம்மா