மின்னாம்பூ யாருடையது

ஆரியசாலை,
14.7.2025

அன்புள்ள ஜெஸ்லினுக்கு,

கலைச்செல்வி அக்கா எழுதுகிறேன். இங்கே எல்லோரும் நலம். நீயும் நலமாயிருப்பாய் என்று நினைத்துக்கொள்கிறேன். எத்தனை தடவை அழைத்தாலும் நீ போனை எடுப்பதில்லை. அதனால்தான் உன் கம்பெனி முகவரிக்குத் தபால். எங்கள் மாடியறையைக் காலி செய்து கழக்கூட்டத்துக்குப் போய் இரண்டு வருஷம் ஆகிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமையாவது சாப்பிட வந்திருக்கலாம்.

ஒரு உதவி வேண்டும். ஆர்ஷா பள்ளிக்கூடக் கண்காட்சிக்கு ஒரு செடி வரைந்தாள். சூரியனே இல்லாத ஒரு நாடாம். அங்கே முளைக்கிற மின்னாம்பூவாம். ஆள் எந்தப் பக்கம் நிற்கிறதோ அந்தப் பக்கத்து இலை மட்டும் நீலமாக ஒளிருமாம். பார்க்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் உங்கள் கம்பெனியின் புது கேமில் அதே செடி இருப்பதாக, அவளோடு படிக்கிற ஒருத்தியின் அண்ணன் போனில் காட்டிவிட்டான். டீச்சர் படத்தைச் சுவரிலிருந்து எடுத்துவிட்டார். இவளோ, "அம்மா, சத்தியமாட்டு இது என் செடியாக்கும். ஜெஸ்லின் சேச்சிக்கு நான்தான் சொன்னேன்" என்று ஒரே பிடிவாதம். பொய்க்கு மேல் பொய்யா என்று கை நீட்டிவிட்டேன். பதினொரு வயதில் முதல் அடி.

நீ சொன்னால் கேட்பாள். அடுத்தவர் கற்பனையை எடுப்பது தப்பு என்று இரண்டு வரி எழுதிப் போடு, கண்ணே.

அன்புடன்,
கலைச்செல்வி அக்கா


கழக்கூட்டம்,
19.7.2025

அன்புள்ள அக்காவுக்கு,

ஆர்ஷா பொய் சொல்லவில்லை.

அந்தச் செடி அவளுடையதுதான். மஞ்சள்காமாலை வந்து ஒரு மாதம் பள்ளிக்கூடம் போகாமல் இருந்தாளே, அப்போது மத்தியானங்களில் மாடியேறி வந்து, என் கட்டிலில் படுத்துக்கொண்டு அந்த நாட்டைப் பற்றிச் சொல்லுவாள். "தனியாப் போறவங்களுக்குப் பயம் வருமில்லியா சேச்சி, அதுக்காக்கும் மின்னாம்பூ." ஏன் ஒரு பக்கம் மட்டும் வெளிச்சம் வர வேண்டும் என்று கேட்டேன். "ஆள் இல்லாத பக்கம் எதுக்கு வெட்டம்?" என்றாள்.

கம்பெனியில் புது கேமுக்கு யோசனை கேட்டபோது என்னிடம் எதுவுமே இல்லை. நான் கொடுத்ததை மூன்று தடவை திருப்பிவிட்டார்கள். நாலாவது தடவை மின்னாம்பூவை வரைந்து கொடுத்தேன். அறையே கைதட்டியது. எப்படித் தோன்றியது என்று கேட்டார்கள். சின்ன வயதில் எங்கள் ஊர் பாறசாலையில் கண்ட கனவு என்றேன். குழந்தை இதையெல்லாம் மறந்திருப்பாள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உங்கள் பெயர் திரையில் வரும்போதெல்லாம் போனைக் கவிழ்த்து வைத்தேன். எடுக்காததற்கு வேறு காரணம் இல்லை.

அந்த அடி எனக்கு விழ வேண்டியது, அக்கா.

ஜெஸ்லின்


ஆரியசாலை,
23.7.2025

ஜெஸ்லின்,

உன்னைத் திட்டி எழுதத்தான் உட்கார்ந்தேன். முடியவில்லை. எடுத்தது நீ. ஆனால் அவள் சத்தியம் செய்தபோது நம்பாதது நான். ஏதோ ஒரு போனில் தெரிந்ததை நம்பினேன், பெற்ற பிள்ளையை நம்பவில்லை.

உன் கடிதத்தை அவளுக்குப் படித்துக் காட்டி மன்னிப்புக் கேட்டேன். "சரிம்மா" என்றாள். அழுதிருந்தால் தேவலை.

எனக்கு எழுதியதைப் பள்ளிக்கூடத்திலும் சொல். உன் கம்பெனியிலும் சொல். அதுவரை எனக்கு எழுதாதே.

கலைச்செல்வி


கழக்கூட்டம்,
4.8.2025

அன்புள்ள அக்காவுக்கு,

சொல்லிவிட்டேன்.

எங்கள் மேனேஜர் ஞானசிகாமணி சார் கதவைச் சாத்திவிட்டு, "இதை இப்போ எதுக்குச் சொல்லுற? யாரும் கேக்கலியே" என்றார். "ஒரு பிள்ளை அடி வாங்கியிருக்கு சார்" என்றேன். அந்த கேம் வேலையிலிருந்து என்னை எடுத்துவிட்டார்கள். இரக்கம் கேட்டு இதை எழுதவில்லை. நீங்கள் வேறு யாரிடமோ கேள்விப்படக் கூடாது என்றுதான். கேமில் மின்னாம்பூவை உருவாக்கியவர் என்று ஆர்ஷாவின் பெயர் வரும். அதற்கு உங்கள் கையெழுத்து வேண்டும். காகிதம் இத்துடன் வைத்திருக்கிறேன்.

பள்ளிக்கூடத்துக்கு நேரில் போனேன். தலைமை ஆசிரியையின் அறையில் டீச்சரையும் கூப்பிட்டு வைத்துக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னேன். டீச்சர் போய், அலமாரியிலிருந்து படத்தை எடுத்து வந்தார். ஓரம் கிழிந்திருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வரட்டுமா? அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும்.

ஜெஸ்லின்


ஆரியசாலை,
8.8.2025

அன்புள்ள ஜெஸ்லினுக்கு,

டீச்சர் வகுப்பில் எல்லோர் முன்னாலும் மன்னிப்புக் கேட்டாராம். படமும் சுவருக்குத் திரும்பிவிட்டது. நீ போய்ச் சொன்னது சின்னக் காரியமில்லை என்று எனக்குத் தெரியும்.

காகிதத்தை ஆர்ஷாவிடம் காட்டினேன். "பேர் போட்டுக்கட்டும்மா" என்றாள். கையெழுத்துப் போட்டு அனுப்பியிருக்கிறேன்.

நீ வர வேண்டாம். கோபத்தில் எழுதவில்லை. சேச்சி ஞாயிற்றுக்கிழமை வரட்டுமா என்று கேட்டேன். "வரட்டும். ஆனா நான் ஒண்ணும் பேச மாட்டேன்" என்றாள். ஏன் என்றேன். "பேசினா எடுத்துருவாங்க" என்றாள். அது தெரிந்தபின் நீ எங்கள் வீட்டில் எப்படி உட்கார்ந்திருப்பாய்?

வரைவதை அவள் விடவில்லை. அந்த மட்டுக்கு நல்லது. நேற்று சாயங்காலம் பால் கொண்டுபோய் வைத்தேன். வரைந்துகொண்டிருந்த நோட்டை மூடினாள். நான் அறையை விட்டு வெளியே வரும்வரை அதன்மேல் கையை வைத்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

கலைச்செல்வி அக்கா