இடப்பக்கம் உங்களுக்கு, வலப்பக்கம் எனக்கு

இஞ்சருங்கோ,

காலையில் அலுமாரியைத் துடைக்கையில், நீங்கள் கணினியில் விளையாடப் பிடிக்கும் கேம்பேட் கையில் அகப்பட்டது. இடப்பக்கக் குமிழின் ரப்பர் தேய்ந்து வழுக்கையாகிக் கிடக்கிறது. வலப்பக்கப் பொத்தான்களோ கிளிநொச்சிக் கடையில் வாங்கிய அன்றுபோலவே பளபளப்பு. அப்படியே நிலத்தில் குந்திவிட்டேன். அழுதேன்தான், மறைக்க என்ன இருக்கிறது.

விசுவமடுச் சந்தியில் ஃபோன் திருத்தும் கடை வைத்திருந்தீர்கள். உங்களுக்கு வலக்கை முழங்கைக்குக் கீழே இல்லை. வயரைப் பல்லால் கடித்துப் பிடித்துக்கொண்டு வேலை செய்வீர்கள். சட்டைப் பொத்தானைப் பூட்டிவிட நான் கிட்ட வந்தாலே முகம் கறுத்துவிடும். "விடும், எனக்கு ஏலும்." அந்த ஒரு வசனத்தால் என்னை எவ்வளவு காலம் எட்டி நிற்கவைத்தீர்கள்! அப்பப்பா, என்ன வீம்பு!

பிறகு ஒரு கார்ப் பந்தய விளையாட்டு எங்கள் வீட்டுக் கணினிக்கு வந்தது. விலை கூடிய கேம்பேடைத்தான் அது மதிக்கும்; நம்முடைய மலிவுச் சாமானைத் திரும்பியும் பாராது. எந்தக் கேம்பேடையும் அந்த விலை கூடியதுபோலக் காட்டும் ஒரு மென்பொருளைத் தேடிப் பிடித்தீர்கள். அதைத் தோண்டித் துருவியதில், இரண்டு கேம்பேடுகளைச் சேர்த்து ஒன்றாகவும் காட்டலாம் என்று கண்டீர்கள். குசினியில் சமைத்துக்கொண்டு நின்ற என்னைக் கூப்பிட்டு இன்னொன்றைக் கையில் தந்தீர்கள்.

"இடப்பக்கம் எனக்கு, வலப்பக்கம் உமக்கு. நான் திருப்புறன், நீர் ஓட்டும்."

"உந்தக் கோதாரியெல்லாம் எனக்குத் தெரியாது."

"பொத்தானை அமத்தினால் கார் ஓடும், விட்டால் நிக்கும். வேற ஒண்டும் இல்லை."

இரண்டு கையுள்ள ஒரே ஆள் விளையாடுவதாக அந்தக் கணினி நம்பியது. நாங்களோ ஒவ்வொரு வளைவிலும் சண்டை.

"ஐயோ, மரத்தில ஏத்திப்போட்டியள்!"

"நீர் விட்டால்தானே நான் திருப்ப! வளைவில விடும், நான் திருப்பின பிறகு அமத்தும்."

மகள் விழுந்து விழுந்து சிரிப்பாள். போகப்போகச் சொல்லவே தேவைப்படவில்லை. உங்கள் தோள் என் பக்கம் சாய்ந்தால் என் விரல் தானாக விடும். சட்டைப் பொத்தானுக்குத் தராத இடத்தை அங்கேதான் எனக்குத் தந்தீர்கள். எனக்கு அது எவ்வளவு சந்தோசம் என்று உங்களிடம் சொன்னதேயில்லை.

போன மாரியில் காய்ச்சலென்று ஆசுபத்திரிக்குப் போனீர்கள். "கெதியா வந்திடுவன்" என்றீர்கள். உங்கள் உடல்தான் வந்தது.

இன்று மகள் என் கேம்பேடை மட்டும் செருகினாள். மென்பொருளில் உங்கள் பக்கம், கேம்பேட் இல்லையென்று சிவப்பாகக் காட்டியது. நான் அமத்தினேன், கார் ஓடியது, திரும்பவில்லை. நேரே போய்ச் சுவரில் மோதியது.

"அம்மா, அப்பான்ர பக்கத்தையும் உங்கட கேம்பேடுக்கு மாத்திவிடட்டே?"

"கை வையாதை!" என்று கத்திவிட்டேன். பிள்ளை பயந்துபோனாள்.

"அப்ப இனிச் சும்மா மூடி வைக்கப்போறியளே?" என்று மெதுவாகக் கேட்டாள்.

தேத்தண்ணி குடித்துவிட்டு வந்து, "சரி, மாத்து" என்றேன்.

இப்போது இரண்டு பக்கமும் என் கையில். திருப்பினால் கார் நன்றாகத் திரும்பும். ஆனால் வளைவு கண்டதும் என் வலக்கை விரல் தானாக விட்டுவிடுகிறது. இடக்கை அசையாமல் கிடக்கிறது. மற்றக் கார்களெல்லாம் என்னைத் தாண்டிப் போகின்றன.

"என்னம்மா நிக்கிறியள்? திருப்புங்கோவன்!" என்கிறாள் மகள்.

அவளுக்கு என்னவென்று சொல்ல? நீங்கள் திருப்புவீர்கள் என்று பார்த்துக்கொண்டு நிற்கிறேன்.