விசாகா கே.

ரிச்சர்ட்சன், டெக்சஸ்
22-2-1999

அன்புக் கண்ணு விசாகாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் சுகம், என் வலது முழங்கால் ஒன்றுதான் சுகமில்லை, அதற்குக் காரணம் நீ. லண்டன் குளிரில் நீயும் சுகம்தானே. எப்போதும் அம்மா எழுத நான் கீழே கையெழுத்து மட்டும் போடுவேன், இன்றைக்குப் பேனாவைப் பிடுங்கிக்கொண்டேன், சந்தோஷம் தாங்கவில்லை. உன் முதல் சினிமாவில் பெயரை வெறும் விசாகா என்றே போடச் சொல்லப் போவதாகப் போன கடிதத்தில் அம்மாவுக்கு எழுதியிருந்தாய். அவளுக்கு எழுதியதுதான், ஆனாலும் படித்தேன். அந்த விஷயமாகத்தான் இந்தக் கடிதம்.

நீ ஒளிப்பதிவு செய்த போலீஸ் நாடகத்தை நேற்று மாலை இங்கே டிவியில் காட்டினார்கள். அம்மா சும்மா இருப்பாளா, ஏழு குடும்பங்களைக் கூப்பிட்டுவிட்டாள், வாசலில் செருப்பு வைக்க இடமில்லை. வசந்தாமணி ஆன்ட்டி முறுக்கைக் கடித்துக்கொண்டே நீ எப்போது வருவாய் என்று கேட்டபடி இருந்தார், படம் பிடிக்கிறவள் படத்தில் எப்படி வருவாள் என்று அம்மா ஆறு தடவை விளக்கினாள். அந்த இன்ஸ்பெக்டர் ஜன்னலோரம் தனியாக டீ குடிக்கும்போது மழை வெளிச்சம் அவர் கன்னத்தில் மட்டும் விழுகிறதே, அப்போது முறுக்குச் சத்தம்கூட நின்றுவிட்டது. நாய்ப் பந்தயம், சமையல் நிகழ்ச்சி, ஆஸ்பத்திரிச் சிரிப்பு நாடகம் என்று கிடைத்ததையெல்லாம் எடுக்கிறாளே, ஒன்றில் நிலைத்து நிற்க மாட்டாளா என்று புலம்பிக்கொண்டிருந்தவன் நான். அத்தனையிலும் கற்றதுதான் அந்தக் கன்னத்தில் தெரிந்தது.

டேப்பில் பதிவு செய்வது என் பொறுப்பு. படம் முடிந்து பெயர்கள் ஓட ஆரம்பித்ததும், டேப் வீணாகிறதே என்று நிறுத்திவிடுவது என் பழைய வழக்கம், உனக்குத்தான் தெரியுமே. கை தானாக ரிமோட்டை அமுக்கிவிட்டது. அடுத்த நொடி திரையில் நீ வந்தாய். விசாகா கே. மூன்றே நொடி, அது டேப்பில் இல்லை. அம்மா இன்னும் என்னோடு பேசவில்லை.

எட்டு வருஷத்துக்கு முன்னால் நீ இன்ஜினியரிங்கை விட்டுவிட்டுக் கேமராவைத் தூக்கியபோது, என் பெயரைப் போட்டுக்கொண்டு இந்த வேலைக்குப் போகாதே என்று போனில் கத்தினேன். நீயும் என் மகளாயிற்றே, ரோஷத்தில் கிட்டுசாமியை ஓர் எழுத்தாகச் சுருக்கிவிட்டாய். நேற்று சேனாபதி அங்கிள் விவரம் தெரியாமல், “அந்தக் கே. யாருங்க, மாப்பிள்ளைங்களா?” என்று கேட்டார். அம்மா தரையைப் பார்த்தாள். நான் துள்ளி எழுந்ததில் காபி டேபிள் முழங்காலில் இடித்தது.

“நாந்தானுங்க,” என்றேன்.

எல்லோரும் கைதட்டினார்கள், நொண்டிக்கொண்டே போய் எல்லோருக்கும் நானே காபி கொடுத்தேன். நான் அன்று சொன்னது தப்பு, கண்ணு. சினிமாக்காரர்களுக்குப் பதில் சொல்லிவிட்டாயா? சொல்லவில்லையென்றால் கொஞ்சம் பொறு. டிவி சின்னது, ஓர் எழுத்துக்குத்தான் இடம் இருந்தது என்று வைத்துக்கொள்வோம். சினிமாத் திரை பெரியதுதானே, கிட்டுசாமி முழுசாகவே கொள்ளும்.

லென்ஸைத் துடைக்கிற அக்கறையில் பாதியாவது உன் உடம்பின் மேல் இருக்கட்டும். நீ எடுப்பதெல்லாம் நன்றாக வர எங்கள் இருவரின் ஆசீர்வாதமும் உண்டு. மறந்துவிடாதே, என் பெயரை இங்கிலீஷில் பெரிய எழுத்தில் தனித்தாளில் எழுதி இதோடு வைத்திருக்கிறேன், பிழையில்லாமல் போடச் சொல்.

இப்படிக்கு
உன் அப்பா
கிட்டுசாமி