கழுத்திலேயே தொடங்கும் வெள்ளைக் கட்டு

இல்லை மைனி, இன்று யாரும் மரச்சீனிக் கிழங்கு அவிக்கவில்லை. அடுப்பு அணைந்து கிடக்கிறது. ஆனாலும் விறகுப்புரையிலிருந்து அந்த மணம் வருகிறது, வெந்த கிழங்கின் மாவு மணம். பாம்பு வாயைத் திறந்தால் இப்படித்தான் மணக்கும் என்பீர்கள். கல்லூரியில் நான் படித்த எந்தப் புத்தகமும் அப்படிச் சொல்லவில்லை. இருந்தும் வாசலிலேயே நிற்கிறேன்.

அன்றைக்கும் நான் விடுமுறையில் வந்திருந்தேன். நெல் அவிக்கும் நாள். விடியுமுன் எழுந்து அண்டாவின் பக்கத்தில் நின்றவர் நீங்கள். மத்தியானம் தென்னமட்டை எடுக்கப் புரைக்குள் போனீர்கள். வெளியே வந்தபோது வலது கையைத் தூக்கிப் பிடித்திருந்தீர்கள். கத்தவில்லை.

"ஏட்டி, என்னமோ கடிச்சிட்டு."

பால் பொங்கிவிட்டது என்று சொல்வதைப் போலச் சொன்னீர்கள்.

புறங்கையில் இரண்டு பொட்டு. அண்ணன் பாம்பை அடித்து வாழையிலையில் கொண்டுவந்து போட்டான். கருப்பு உடல், வெள்ளைக் கட்டுகள். அம்மை நெஞ்சில் அடித்துக்கொண்டாள்.

"எட்டடி விரியன்லா இது! எட்டடி வைக்கதுக்குள்ள ஆள் போயிருமே!"

"புரையிலேருந்து இங்க வரதுக்குள்ளயே எட்டும் தாண்டியாச்சு அத்தை," என்றீர்கள். விஷக்கடி வைத்தியரைக் கூட்டிவர அண்ணன் சைக்கிளில் பறந்தான்.

அம்மை வேப்பிலையை உருவி உங்கள் வாயில் திணித்தாள். விஷம் ஏறினால் கசப்பு தெரியாது. நம் ஊரில் அதுதான் சோதனை.

"கசக்குதா மக்களே?"

"நீங்க வைக்க பாவக்காய்க் கறி அளவுக்கு இல்ல."

"அய்யோ, அப்ப கசக்கல்லியா?"

"கசக்குது அத்தை, கசக்குது. கறியத்தான் சொன்னேன்."

அம்மை அழுதுகொண்டே இன்னொரு கொத்தை உருவினாள்.

பிறகு உங்களுக்குத் தூக்கம் வந்தது. எனக்கு அப்போதுதான் பயம் வந்தது. எட்டடி விரியன் என்கிற கட்டுவிரியன் கடி வலிக்காது. முதலில் இமையைத்தான் இழுக்கும். கடிபட்டவரைத் தூங்கவிடக் கூடாது என்று அம்மை முகத்தில் தண்ணீரை அடித்தபடி இருந்தாள். ஆனால் நீங்கள் விடியுமுன் எழுந்தவர். விஷமா, வெறும் அலுப்பா?

இலையருகே குந்தினேன். பாம்பின் தலை நசுங்கியிருந்தது. பல்லைப் பார்க்க வழியில்லை. குச்சியால் உடலை நீட்டினேன். விரியனுக்குக் கழுத்துப் பக்கம் வெறுமையாக இருக்கும், வாலை நோக்கிப் போகப்போகக் கட்டுகள் தெளியும். இதற்குக் கழுத்திலேயே தொடங்கி, வால் பக்கம் மங்கிப் போயிருந்தன. முதுகின் நடுவே விரியனுக்குள்ள பெரிய செதில் வரிசை இல்லை. எல்லாச் செதிலும் ஒரே அளவு. ஓட்டிடுக்கில் பல்லி தின்று வாழும் சாதுப் பாம்பு.

மறுபடியும் கழுத்திலிருந்து பார்த்தேன். புத்தகத்தில் அது ஒரு படம். பிழை வந்தால் மதிப்பெண் குறையும். இங்கே நீங்கள்.

"ஏட்டி, படிச்சவளே. நான் தூங்கட்டா?"

"அவள்ட்ட என்ன கேக்க? வைத்தியர் வரட்டும்," என்றாள் அம்மை.

"நீ சொல்லு," என்றீர்கள் என்னிடம்.

"தூங்குங்க மைனி."

அம்மை என்னைப் பார்த்த பார்வை. அதைச் சொல்ல முடியவில்லை.

பாயில் சாய்ந்ததும் தூங்கிவிட்டீர்கள். பக்கத்தில் உட்கார்ந்து உங்கள் மார்பு ஏறி இறங்குவதைப் பார்த்தேன். ஒரு மூச்சு இறங்கியதும் அடுத்தது வருமா என்று காத்திருந்தேன். வைத்தியர் வந்தார். பாம்பைப் பார்த்தார், உங்கள் இமையைத் தூக்கிப் பார்த்தார். "எழுப்பாண்டாம்," என்றார். வெயில் தாழ்ந்தபிறகு கண் விழித்து, காப்பி உண்டா என்று கேட்டீர்கள்.

அடுத்த மழைக்காலம். பிரசவக் காய்ச்சல். நான் சென்னையில் இருந்தேன். தந்தி கிடைத்து, ரயில் ஏறி, திருநெல்வேலியில் பஸ் பிடித்து வந்து சேர்ந்தபோது கல்லறை மண் இறுகியிருந்தது. கடைசி நாள் தூக்கம் தூக்கம் என்றீர்களாம்.

"நம்ம படிச்சவ இருந்தா கேக்கலாம், தூங்கலாமான்னு அவ சொல்லுவா. உன் மைனி அப்பிடிச் சொன்னா மக்கா," என்றாள் அம்மை.

இருந்திருந்தாலும் எனக்குத் தெரிந்திருக்காது மைனி. காய்ச்சலுக்குக் கழுத்தும் இல்லை, வாலும் இல்லை.

அன்றிலிருந்து யார் தூங்கினாலும் பார்க்கிறேன். விடுதியில், ரயிலில், எதிர் இருக்கையில் முன்பின் தெரியாத ஒரு பெண்ணை. மார்பு ஏறுகிறதா, இறங்குகிறதா. நான் மட்டும் பகலில் கண் மூடுவதில்லை. "நீ சொல்லு" என்று உயிரைக் கையில் கொடுத்து என்னிடம் கேட்டவர் உங்களுக்குப் பின் யாரும் இல்லை. அந்தக் கேள்வி வேண்டும்போல் இருக்கிறது. பதில் தெரியாவிட்டாலும்.

புரையின் கதவைச் சாத்தினேன். பட்டப்பகலில் உங்கள் அறையில் பாயை விரித்துப் படுத்தேன். பக்கத்தில் யாரும் உட்காரவில்லை. விழித்தபோது அம்மை விளக்கு ஏற்றியிருந்தாள்.